வாளும் விசைப்பலகையும் ஒரே கையில்: ஆன்லைன் ரோல்பிளே கேம்களில் எழுத்து உரையாடல்

பாஸ் எனப்படும் பெரிய எதிரியோடு சண்டை உச்சத்தில் இருக்கிறது. குழுவைக் குணப்படுத்தும் ஹீலருக்கு, மந்திரம் போடத் தேவையான மானா தீர்ந்துவிட்டது. அதை மற்றவர்களுக்குச் சொல்லியாக வேண்டும். ஒரு முழு வாக்கியமாக எழுதினால் முப்பது எழுத்தாவது ஆகும். நிமிடத்துக்கு 40 சொல் தட்டுகிறவருக்கு, சொல்லுக்கு ஐந்து எழுத்து என்ற தட்டச்சுக் கணக்குப்படி, 30 எழுத்து என்றால் 9 நொடி. வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட் கேமில் ஒரு மந்திரத்துக்கும் அடுத்ததற்கும் இடையே உள்ள வழக்கமான காத்திருப்பு 1.5 நொடி. ஆக, அந்த ஒரு வாக்கியத்துக்கு அவர் கொடுக்கும் விலை ஆறு மந்திரங்கள். அதற்குள், முன்னால் நின்று அடி வாங்கும் டேங்க் தரையில் கிடப்பார். ‘அவுட் ஆஃப் மானா’ என்பது ‘ஓஓஎம்’ என்று மூன்றெழுத்தாகச் சுருங்கியது சோம்பலால் அல்ல.

பெருங்கூட்டம் ஒரே உலகில் சேர்ந்து ஆடும் எம்எம்ஓ கேமின் சாட் பெட்டியை வாட்ஸ்அப் போன்ற ஒன்றாக நினைத்து உள்ளே வருபவர்கள் முதலில் தடுமாறுவது இங்கேதான். அங்கே கைக்கு வேறு வேலை இல்லை. இங்கே தட்டும் அதே பத்து விரல்கள்தான் ஓடவும் அடிக்கவும் குணப்படுத்தவும் வேண்டும். இன்னொரு நெருக்கடி திரையில் இருக்கிறது. சாட் ஜன்னலில் ஒரு நேரத்தில் தெரிவது எட்டு பத்து வரிகள். அந்த இடத்துக்கு ஆயிரம் பேர் போட்டி போடுகிறார்கள். சேனல், சுருக்கெழுத்து, மேக்ரோ, பொருள் இணைப்பு என்று இந்த உலகில் உள்ள ஏற்பாடுகள் பெரும்பாலும் இந்த இரண்டு பற்றாக்குறைகளைச் சமாளிக்க வந்தவை.

யார் காதில் விழ வேண்டும்

1978இல் எசெக்ஸ் பல்கலைக்கழகத்தில் ராய் ட்ரப்ஷாவும் ரிச்சர்ட் பார்ட்டிலும் உருவாக்கிய ‘மட்’ கேமில் படமே கிடையாது, உலகமே எழுத்துதான். அதன் வழிவந்த கேம்களில் பேச்சு மூன்று தூரங்களாகப் பிரிந்தது. ஒரே அறையில் இருப்பவர்களுக்குச் சொல்வது, உலகம் முழுவதற்கும் கத்துவது, ஒருவருக்கு மட்டும் சொல்வது. இன்றைக்கு முப்பரிமாணத்தில் மின்னும் கேம்களிலும் அடித்தளம் இதுதான். சாய்கோடு போட்டு ‘சே’ என்றால் பக்கத்தில் நிற்பவர்களுக்கு. ‘யெல்’ என்றால் அதைவிடப் பெரிய வட்டத்துக்கு. ‘விஸ்பர்’ அல்லது ‘டெல்’ என்றால் ஒருவருக்கு, அவர் உலகின் எந்த மூலையில் இருந்தாலும். இவற்றுக்கு மேல் குழுவுக்கு பார்ட்டி, பெருங்குழுவுக்கு ரெய்டு, சங்கத்துக்கு கில்டு, வியாபாரத்துக்கு டிரேடு என்று சேனல்கள் அடுக்கப்பட்டன.

தூரம் சார்ந்த பேச்சும் சேனல் பேச்சும் சர்வருக்குள் வேறு வேறு விதமாக நடப்பவை. கில்டு செய்தி என்றால் உறுப்பினர் பட்டியலை எடுத்து, ஆன்லைனில் இருப்பவர்களுக்கு அனுப்பினால் போதும். பக்கத்தில் பேசுவது அப்படி அல்ல. அந்த நொடியில் யார் யார் எந்த இடத்தில் நிற்கிறார்கள் என்று சர்வர் பார்த்து, வட்டத்துக்குள் இருப்பவர்களுக்கு மட்டும் அனுப்ப வேண்டும். அதனால்தான் ஓடிக்கொண்டே பேசும் இருவரில் ஒருவர் முந்திவிட்டால் நடுவில் இரண்டு வரி காணாமல் போகிறது. அது நெட்வொர்க் கோளாறு இல்லை. காதுக்கு எட்டவில்லை, அவ்வளவுதான். நடந்துகொண்டே பேச வேண்டுமென்றால் பார்ட்டியில் சேர்ந்துவிடுவது நல்லது.

1997இல் வந்த அல்டிமா ஆன்லைனில் பேச்சு தலைக்கு மேல் எழுத்தாக மிதந்தது. வங்கிக்காரர் அருகே நின்று ‘பேங்க்’ என்ற சொல்லைத் தட்டினால் பெட்டகம் திறந்தது. ‘கார்ட்ஸ்’ என்று கத்தினால் நகரக் காவலர் வந்தார். பேச்சே கட்டளையும் ஆனது. இறந்தவர் ஆவியாகத் திரியும்போது என்ன தட்டினாலும் உயிருள்ளவர்களுக்கு வெறும் ‘ஊஊஊ’ என்றுதான் தெரியும். ஆவி பாஷைத் திறன் உள்ளவருக்கு மட்டும் சொற்கள் புரியும். யாருக்குக் கேட்கும் என்பதை மட்டுமல்ல, யாருக்குப் புரியும் என்பதையும் கேம் விதியாக்கிவிட முடியும் என்று காட்டிய ஏற்பாடு அது.

1999இல் வந்த எவர்குவெஸ்ட் இதை இன்னொரு பக்கம் கொண்டுபோனது. அதில் மொழியே ஒரு திறமை. தெரியாத மொழியை அடுத்தவர் பேசக் கேட்டுக் கேட்டே திறமைப் புள்ளியை ஏற்றலாம். 2004இன் வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட் மொழியைச் சுவராக்கியது. ஹோர்டு அணிக்காரர் ‘லோல்’ என்று சிரித்தால் எதிரணிக்கு ‘கெக்’ என்று தெரியும். அவர்கள் சிரித்தால் இவர்களுக்கு ‘பர்’. இது மொழிபெயர்ப்பு அல்ல. தட்டிய சொல்லின் நீளத்துக்கேற்ப, முன்பே வைத்திருக்கும் பட்டியலிலிருந்து வேறொரு சொல்லை எடுத்துப் போடும் கணக்கு. ஒரே சொல் எப்போதும் ஒரே மாற்றுச் சொல்லாக வருவதால்தான் ‘கெக்’ எல்லோருக்கும் மனப்பாடமாகி, கேமைத் தாண்டியும் புழங்குகிறது. எதிரணிகள் பேசிக்கொண்டால் வசை மட்டுமே மிஞ்சும் என்பது வடிவமைப்பாளர்களின் கணக்காக இருந்தால், அது பெரிய தவறான கணக்கு அல்ல.

சேனலே ஆயுதமாவது ஈவ் ஆன்லைன் என்ற விண்வெளிக் கேமில். அங்கே ஒவ்வொரு நட்சத்திர மண்டலத்துக்கும் ஒரு லோக்கல் சேனல் உண்டு; மண்டலத்துக்குள் நுழைந்ததுமே உங்கள் பெயர் அதன் உறுப்பினர் பட்டியலில் வந்துவிடும். யாரும் எதுவும் பேச வேண்டாம், பெயர் வந்தாலே சுரங்கம் தோண்டுகிறவர்கள் கப்பலைத் திருப்பிவிடுவார்கள். அதாவது அது சாட் ஜன்னலின் வேடத்தில் இருக்கும் ரேடார். 2009இல் சேர்க்கப்பட்ட வார்ம்ஹோல் மண்டலங்களில் இந்த வசதி கிடையாது. பேசினால்தான் பெயர் தெரியும். 2019 ஜூலையில் நல்செக் எனப்படும் சட்டமற்ற பகுதிகளுக்கும் அதே முறையை நிறுவனம் கொண்டுவந்தது. செப்டம்பரில் திரும்ப எடுத்துக்கொண்டது. ஒரு சாட் பட்டியலை மறைத்தால் ஒரு கேமின் போர்முறையும் தொழிலும் எவ்வளவு ஆடிப்போகும் என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் கிடைக்காது.

தவறான வாய்

அனுபவசாலிகளும் மாட்டிக்கொள்ளும் தவறு, செய்தி வேறு சேனலுக்குப் போவது. காரணம் எளிது. பெரும்பாலான கேம்களில் கடைசியாகப் பயன்படுத்திய சேனல் அப்படியே ஒட்டிக்கொண்டிருக்கும். கில்டில் ஒரு வாழ்த்து சொல்லிவிட்டு, பத்து நிமிடம் கழித்து எண்டர் தட்டி நண்பருக்கு என்று எழுதினால் அது கில்டில் போய் விழும். உள்ளீட்டுப் பெட்டியின் இடது ஓரத்தில் சேனல் பெயரும் நிறமும் தெரியும். எண்டர் அழுத்துமுன் கண் அங்கே ஒருமுறை போகப் பழக வேண்டும். ரகசியமான எதையும் ஒட்டிய சேனலை நம்பி அனுப்பக் கூடாது. ஒவ்வொரு முறையும் விஸ்பர் கட்டளையைப் பெயரோடு புதிதாகத் தட்டுவதே பாதுகாப்பு.

பதில் விசையிலும் இதே ஆபத்து ஒளிந்திருக்கிறது. அது கடைசியாக விஸ்பர் செய்தவருக்குப் போகும். நீங்கள் விசையை அழுத்தும் முன் அரை நொடியில் மூன்றாம் ஆளின் விஸ்பர் வந்து விழுந்தால், ‘அவனைக் குழுவில் சேர்க்காதே’ என்ற வரி அவனுக்கே போகும். சாய்கோட்டுக்கு முன்னால் ஒரு இடைவெளி விழுந்துவிட்டாலும் பல கேம்கள் அதைக் கட்டளையாக எடுத்துக்கொள்ளாமல், முழு வரியையும் ஊரறியப் போட்டுவிடும்.

இதற்கு நேரெதிரானது, சாட் பெட்டி திறக்காமலே தட்டுவது. அப்போது ஒவ்வொரு எழுத்தும் குறுக்கு விசையாகிவிடும். வரைபடம் திறக்கும், பை திறக்கும், பாத்திரம் உட்காரும், அல்லது தானாக ஓடத் தொடங்கி எதிரிக் கூட்டத்துக்குள் போய் நிற்கும். பெட்டி திறந்திருப்பதை மறந்து ஓட முயன்றால் நடை விசையின் எழுத்து வரிசையாக நாலைந்து முறை சாட்டில் விழும். ஒருவர் அப்படி அனுப்பினால் அவர் திட்டமிட்டு எதுவும் சொல்லவில்லை, ஆபத்தில் இருக்கிறார் என்று பொருள். ஹீலர்கள் அந்த வரியைப் படித்துவிடுவார்கள்.

சண்டையில் என்ன எழுதலாம்

ஒரு கணக்கை மனதில் வைத்தால் போதும். அனுப்புபவர் தட்ட நாலைந்து நொடி, பெறுபவர் கண்ணில் பட்டுப் படிக்க ஒன்றிரண்டு நொடி. ஐந்து நொடிக்குள் செயல்பட வேண்டிய எதையும் எழுத்தில் சொல்லிப் பயனில்லை. ‘நகருங்கள்’ என்ற வரி வரும்போது நெருப்பு ஏற்கெனவே காலடியில் இருக்கும். எழுத்து பயன்படுவது சண்டைக்கு முன்னால்: யார் எந்த எதிரியைக் கட்டிப்போடுவது, எந்த இடத்தில் நிற்பது, எத்தனை விழுக்காட்டில் பெரிய திறனை விடுவது. சண்டைக்குள் அனுப்புவது நிலைச் செய்தியாக மட்டும் இருக்க வேண்டும். ‘ஓஓஎம்’, கூடுதல் எதிரி வருகிறது என்பதற்கு ‘ஆட்’, எதிரி நெருங்குகிறது என்பதற்கு ‘இன்க்’. எண் சேர்த்தால் இன்னும் நல்லது. ‘இன்க் 3 இடது’ என்பதில் தேவையான எல்லாம் வந்துவிடுகிறது.

தயாரா என்று கேட்டால் பதில் ஒற்றை எழுத்து. ஈவ் ஆன்லைனில் தளபதி கேட்டதும் எல்லோரும் ‘எக்ஸ்’ தட்டுவார்கள். எத்தனை எக்ஸ் என்று எண்ணினால் படை எவ்வளவு என்று தெரிந்துவிடும். அங்கேயே பிரபலமான ‘ஓ7’ ஒரு சல்யூட்: ஓ என்பது தலை, 7 என்பது நெற்றிக்கு உயர்த்திய கை.

மேக்ரோ இந்தச் சிக்கலைப் பாதி தீர்க்கிறது, பாதி வளர்க்கிறது. முன்கூட்டியே எழுதிய வரியை ஒரே பொத்தானில் வைக்கலாம். இலக்கின் பெயர் தானாக வந்து நிரம்பும். ஃபைனல் ஃபேன்டசி 14இல் ஒரு மேக்ரோவுக்கு 15 வரி வரை இடம் உண்டு. வரிகளுக்கிடையே காத்திருப்பும் வைக்கலாம், குழுவின் காதில் விழும் ஒலியும் சேர்க்கலாம். உயிர்ப்பிக்கும் மந்திரத்தோடு ‘இன்னாரை எழுப்புகிறேன்’ என்ற வரியைச் சேர்ப்பது நியாயமான பயன்பாடு. இரண்டு ஹீலர்கள் ஒரே பிணத்தில் மானாவைக் கொட்டாமல் அது தடுக்கும். ஆனால் அறிவிப்பு ஓடிவிட்டதால் மந்திரம் முடிந்துவிட்டது என்று பொருள் இல்லை. நடுவில் அடி விழுந்து மந்திரம் கலைந்தாலும் வரி ஏற்கெனவே போய்விட்டிருக்கும். மற்ற ஹீலர் நம்பி உட்கார்ந்திருப்பார். அதே கேமில் மேக்ரோவுக்குள் இருக்கும் திறன்கள் வரிசையில் காத்து நிற்பதும் இல்லை. கையால் அழுத்தினால் முந்தைய திறன் முடியும் முன்பே அடுத்தது பதிவாகிவிடும், மேக்ரோவில் அப்படி ஆகாது. ஆகவே அடிக்கடி பயன்படும் திறன்களை மேக்ரோவுக்குள் அடைத்தால் வேகம் குறையும். ஒவ்வொரு அடிக்கும் அறிவிப்பு போடுகிறவரைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. மூன்றாவது அறிவிப்புக்குப் பிறகு அவருடைய வரிகளை யாரும் படிப்பதில்லை, முக்கியமான வரி உட்பட.

ஜன்னலைப் பிரித்துவைப்பதும் பாதி வெற்றி. அடிக்கணக்குப் பதிவுகளைத் தனி டேபுக்குத் தள்ளிவிட வேண்டும். அவை முதல் ஜன்னலில் கலந்தால் ஒரு பாஸ் சண்டையில் நொடிக்குப் பல வரி ஓடி, பேச்சை மேலே தள்ளிவிடும். பார்ட்டி, ரெய்டு, விஸ்பர் மூன்றும் எப்போதும் கண்ணில் படும் ஜன்னலில் இருக்கட்டும். டிரேடும் பொதுச் சேனலும் இன்னொரு டேபில். விஸ்பருக்கு ஒலி வைத்து, நேர முத்திரையையும் போட்டுவிட்டால் பிறகு தேடுவது எளிது. வரிகள் சில நொடிகளில் மங்கும் அமைப்பை நிறுத்திவிடுவதும் நல்லது.

கூவி விற்பது

எவர்குவெஸ்டின் முதல் காலத்தில் ஏலக்கூடம் கிடையாது. ஈஸ்ட் காமன்லேண்ட்ஸ் பகுதியின் சுரங்கப்பாதையில் வீரர்கள் கூடி நின்று, ஆக்‌ஷன் சேனலில் கூவி விற்றார்கள். 2001 டிசம்பரில் வந்த விரிவாக்கம் பஜார் என்ற தனிச் சந்தையைத் தந்த பிறகே அந்த நெரிசல் தணிந்தது. விற்பனை வரியின் இலக்கணம் மட்டும் இன்றும் மாறவில்லை. விற்க ‘டபிள்யூடிஎஸ்’, வாங்க ‘டபிள்யூடிபி’, பிறகு பொருள், விலை, ஆர்வமிருந்தால் விஸ்பர் செய்யுங்கள் என்பதற்கு ‘பிஎஸ்டி’. குழுவுக்கு ஆள் தேட ‘எல்எஃப்எம்’. அதோடு எத்தனை பேர் குறைகிறார்கள், எந்த வேலைக்கு, எந்த இடத்துக்கு என்று இருந்தால்தான் பதில் வரும். ‘ஆள் வேண்டும்’ என்று மட்டும் எழுதினால் ‘எதற்கு’ என்று கேட்க யாரும் மெனக்கெட மாட்டார்கள்.

பொருளின் பெயரைக் கையால் தட்டாமல் இணைப்பாகப் போடுவது முக்கியம். வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்டில் ஷிஃப்டை அழுத்திக்கொண்டு பொருளைச் சொடுக்கினால் சாட்டில் இணைப்பு வந்துவிடும். படிப்பவர் அதைச் சொடுக்கி முழு விவரத்தையும் பார்க்கலாம். வெறும் பெயரில் ஒரே பெயருள்ள மலிவுப் பொருளை மாற்றிக் கொடுக்க இடம் இருக்கிறது. இணைப்பில் பேசி முடித்த பிறகும், பரிமாற்ற ஜன்னலில் வந்திருப்பது அதே பொருள்தானா, பணத்தில் ஒரு சுழியம் குறைகிறதா என்று கடைசியாக ஒருமுறை பார்க்க வேண்டும்.

ஏமாற்றுபவர்களின் கருவியும் இதே சாட்தான். ‘உன் கடவுச்சொல்லை இங்கே தட்டினால் நட்சத்திரக் குறியாக மாறிவிடும், முயன்று பார்’ என்பது பழைய தூண்டில். ஊழியர் என்று சொல்லிக்கொண்டு வரும் விஸ்பர் இன்னொன்று. ஆங்கிலப் பெரிய ஐயும் சிறிய எல்லும் பல எழுத்துருக்களில் ஒன்றுபோலவே தெரிவதால், கில்டு தலைவரின் பெயரிலேயே ஒரு போலி உருவாகிவிடும். சந்தேகம் வந்தால் அந்த விஸ்பருக்குப் பதில் போடாமல், நண்பர் பட்டியலில் இருக்கும் பெயரைச் சொடுக்கிப் புதிதாகக் கேட்பதே வழி.

பொதுமொழி இல்லாதபோது

2000இல் ட்ரீம்காஸ்ட் என்ற கேம் கருவியில் வந்த ஃபேன்டசி ஸ்டார் ஆன்லைனில், பட்டியலிலிருந்து சொற்களைத் தேர்ந்து கோத்தால் அது எதிரில் இருப்பவரின் மொழியில் தெரியும். ஜப்பானிய மொழி, ஆங்கிலம், பிரெஞ்சு, ஜெர்மன், ஸ்பானிஷ் என்று ஐந்து மொழிகள். ஜப்பானியர்களும் ஆங்கிலக்காரர்களும் ஒரே சர்வரில் ஆடிய ஃபைனல் ஃபேன்டசி 11இல் இது இன்னும் இயல்பாக அமைந்தது. ஒரு சொல்லின் தொடக்கத்தைத் தட்டி டேப் விசையை அழுத்தினால் அகராதிச் சொல் வந்து உட்காரும். இருபுறமும் பச்சையும் சிவப்புமான அடைப்புக் குறிகள் நிற்கும். படிப்பவருக்கு அது அவருடைய மொழியில். வாக்கியத்தை அது மொழிபெயர்ப்பதில்லை, சேமித்துவைத்த சொற்களை மட்டும்தான். ஆனால் ‘ஹீலர்’, ‘உதவி’, ‘நன்றி’, ‘காத்திருங்கள்’ ஆகிய நாலும் இருந்தால் ஒரு குகையை முடித்துவிடலாம்.

தமிழ் எழுத்தில் பேச நினைப்பவர்களுக்கு வேறு தொல்லை. பல கேம்கள் செய்தியின் நீளத்தை எழுத்தில் அல்ல, பைட்டில் அளக்கின்றன. யூடிஎஃப்-8 முறையில் தமிழ்க் குறி ஒவ்வொன்றுக்கும் 3 பைட். ‘கொ’ என்பது நம் கண்ணுக்கு ஒரு எழுத்து. கணினிக்கு ‘க’வும் அதன் உயிர்க்குறியும் சேர்ந்து 6 பைட். வரம்பு 255 பைட் என்றால் ஆங்கிலத்தில் 255 எழுத்து வரும், தமிழில் 85 குறிகளோடு வரி முடிந்துவிடும். அதைவிடப் பெரிய சிக்கல் காட்சியில். குறிகளை இடம் மாற்றி அடுக்கத் தெரியாத கேம் இயந்திரத்தில் ஒற்றைக் கொம்பு மெய்யெழுத்துக்குப் பின்னால் போய் நிற்கும். எழுத்துருவே இல்லையென்றால் வெறும் கட்டங்கள். ஆங்கில எழுத்தில் தமிழைத் தட்டும் பழக்கத்துக்கு இதுவும் ஒரு காரணம். அதிலும் வசைச்சொல் வடிகட்டி குறுக்கே வரும். நல்ல சொல்லின் நடுவே ஆங்கில வசைச்சொல்லின் எழுத்துக்கோவை இருந்துவிட்டால் நட்சத்திரக் குறிதான். 1996இல் ஏஓஎல் என்ற இணையச் சேவை நிறுவனத்தின் வடிகட்டி ஸ்கன்தார்ப் என்ற ஆங்கிலேய ஊரின் பெயரையே வசை என்று தடுத்தது. மொழிகள் கூடக் கூட இந்தக் குழப்பமும் கூடும்.

குரல் வந்த பிறகும்

குரலில் பேச உதவும் செயலிகளான டீம்ஸ்பீக்கும் வென்ட்ரிலோவும் 2000களின் தொடக்கத்திலும், டிஸ்கார்டு 2015இலும் வந்தன. 40 பேர் ரெய்டுகளில் கட்டளை குரலுக்கு மாறிவிட்டது. எழுத்து ஒழியாததற்குக் காரணம் குரலால் செய்ய முடியாதவை. ஒரே நேரத்தில் கில்டு, குழு, இரண்டு விஸ்பர் என்று நாலு உரையாடல்களைக் குரலில் நடத்த முடியாது. முகம் தெரியாத ஐவர் இருபது நிமிடத்துக்குச் சேரும் குழுவில் யாரும் மைக்கைத் திறப்பதில்லை. காது கேளாதவர், வீட்டில் தூங்கும் குழந்தை உள்ளவர், வயதையும் பாலினத்தையும் வெளிப்படுத்த விரும்பாதவர் எல்லோருக்கும் எழுத்துதான். அது பதிவாகவும் நிற்கிறது. வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்டில் சாய்கோட்டோடு ‘சாட்லாக்’ என்று தட்டினால் அதற்குப் பிறகான பேச்சு கணினியில் கோப்பாகச் சேரும். யாராவது அத்துமீறினால் புகாரை அந்தப் பெயர்மீதோ வரிமீதோ சொடுக்கி அனுப்ப வேண்டும்; சொந்தமாக எடுத்த ஸ்கிரீன்ஷாட்டை யாரும் திருத்திவிட முடியும் என்பதால், நிறுவனங்கள் தங்கள் சர்வர் பதிவைத்தான் நம்பும்.

உண்மையான ரோல்பிளே ஆடுகிறவர்களுக்கோ எழுத்து மாற்று வழி அல்ல, ஆட்டமே அதுதான். அங்கே ‘சே’ பாத்திரத்தின் வாய். செயலை வரியாக எழுதும் ‘எமோட்’ அதன் உடல். ஆடுபவர் தன் சொந்தக் குரலில் பேச வேண்டுமென்றால் இரட்டை அடைப்புக் குறிக்குள் எழுதுவது வழக்கம்: ((ஐந்து நிமிடத்தில் வருகிறேன்)). விஸ்பரில் தெரிந்துகொண்டதைப் பாத்திரம் அறிந்ததுபோல் பேசுவது மெட்டாகேமிங், அதற்கு மரியாதை கிடையாது. அதைவிட மோசமானது அடுத்தவரின் பாத்திரத்தையும் தானே ஆட்டுவிப்பது. ‘வாளை வீசுகிறான், அவள் கை துண்டாகிறது’ என்று எழுதினால் எதிராளிக்கு ஆட எதுவும் மிச்சமில்லை. ‘அவள் கையைக் குறிவைத்து வாளை வீசுகிறான்’ என்று முயற்சியோடு நிறுத்த வேண்டும். கை போனதா, அவள் விலகினாளா என்பது அவளை ஆடுகிறவரின் வரி. நீளமான எமோட் வரம்பைத் தாண்டினால் முதல் துண்டின் முடிவில் கூட்டல் குறியோ மூன்று புள்ளியோ வைத்துவிட்டு அடுத்த துண்டை அனுப்புவார்கள். அந்தக் குறி நிற்கும்வரை மற்றவர்கள் விசையைத் தொடுவதில்லை.